அவந்திகாவுக்கு என்ன அர்த்தம்

"வேற எந்தப் பேரு வேணும்னாலும் வையி. போன்ல ஆயிரம் பேரு கெடக்கு. இது மட்டும் வேணாம்."

"ஏன் வேணாம், அத மொதல்ல சொல்லுங்க. அர்த்தம் கெட்டதா? ராசி எழுத்து ஒத்துவரலயா?"

"அதெல்லாம் ஒண்ணுமில்ல. வேணாம்னா வேணாம்."

"அப்ப மாத்த மாட்டேன்னா மாட்டேன். அவந்திகாதான்."

வாசல்படியில் கால் வைக்கப்போன சந்திரலேகா அப்படியே நின்றுவிட்டாள். கையிலிருந்த பாத்திரத்தில் இரண்டு பால்சுறா. உள்ளே சண்டை போடுவது அவள் தம்பி ஹரிஹரனும் அவன் பெண்டாட்டி சிவப்ரியாவும். பிள்ளை பிறந்து ஆஸ்பத்திரியிலிருந்து வீடு வந்த பிறகு இருவரும் இவ்வளவு குரல் எடுத்துப் பேசியது அன்றைக்குத்தான். பேரைக் கேட்டதும் சந்திரலேகாவுக்கு விஷயம் புரிந்துவிட்டது. கொஞ்சம் சிரிப்புகூட வந்தது. அவர்களுடைய மீனவ ஊரான கிளிஞ்சல்மேட்டில் அந்தப் பேரைக் கேட்டால் யாருக்கும் சிரிப்பு வரும். டவுன் பக்கம் கோவில்பத்தில் பிறந்து வளர்ந்த சிவப்ரியாவுக்கு அது எப்படித் தெரியும்.

நடுச்சண்டையில் போய் நிற்பானேன் என்று வீட்டைச் சுற்றிக்கொண்டு கொல்லைப்பக்கம் போய் அடுப்பைப் பற்றவைத்தாள். தடைக்காலம். விசைப்படகு ஒன்றும் கடலுக்குப் போகக்கூடாது. ஃபைபர் போட்டுக்காரர்கள் கொண்டுவருகிற கொஞ்சநஞ்ச மீனுக்குக் கரையில் அடிதடி. அந்த இரண்டு சுறாவுக்காக விடியும் முன்பே போய் நின்று, ஏலக்காரனிடம் "பிள்ள பெத்தவளுக்குடா" என்று சொல்லி வாங்கிவந்தாள். பால் ஊறுவதற்குச் சுறாப்புட்டைப் போல வேறெதுவும் இல்லை என்பது இந்தக் கரையில் எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

தண்ணீர் கொதித்ததும் சுறாவை அதில் போட்டு எடுத்தாள். தோல் மணலைத் தடவுகிற மாதிரி நெறநெறவென்று இருக்கும். சூட்டோடு சூடாக உரித்தால்தான் வரும். உரித்து, முள் நீக்கி, உதிர்த்து, தண்ணீரில்லாமல் பிழிந்து, மஞ்சளும் உப்பும் போட்டுப் பிசைந்து வைத்தாள். பூண்டு உரிக்க உட்கார்ந்தபோது ஹரி வந்து எதிரே குத்துக்காலிட்டான். வெயில் அந்த நேரத்துக்கே முதுகைச் சுட்டது.

"கேட்டியாக்கா?"

"தெரு பூரா கேட்டிருக்கும்."

அவன் போனை நீட்டினான். முந்தின நாள் சிவப்ரியா பிள்ளையின் பாதத்தைப் படமெடுத்து, பக்கத்தில் பேரையும் போட்டு ஸ்டேட்டஸ் வைத்திருக்கிறாள். அதை எவனோ எடுத்து ஊர் வாட்ஸப் குழுவில் போட்டுவிட்டான். அதன் கீழே ஒரே கூத்து. 'அவந்திகா கரைக்கு வந்தாச்சு, கயிறு போட்டது யாரு' என்று ஒருத்தன். 'டீசல் இருக்கா பாத்துக்க மச்சான்' என்று இன்னொருத்தன். ஒருத்தன் தொட்டில் படத்தில் வடக்கயிறு கட்டி அனுப்பியிருந்தான்.

அவந்திகா என்பது பஞ்சநாதனின் விசைப்படகு. கடலுக்குப் போகும் நாளைவிடக் கடலில் நிற்கும் நாள் அதிகம் என்று அதற்குப் பேர். ஒரு தடவை எஞ்சின் சூடாகி நிற்கும், ஒரு தடவை அடியிலுள்ள விசிறியில் வலை சுற்றி நிற்கும், ஒரு தடவை எதற்கு நின்றது என்று பஞ்சநாதனுக்கே தெரியாது. வாக்கி-டாக்கியில் "அவந்திகா, அவந்திகா" என்று குரல் வந்தாலே பக்கத்துப் போட்டுக்காரர்கள் கயிற்றைத் தேட ஆரம்பித்துவிடுவார்கள். கட்டி இழுத்துக்கொண்டு முகத்துவாரத்துக்குள் நுழையும்போது கரையில் நிற்பவர்கள் கைதட்டுவார்கள். யாராவது வேலையைப் பாதியில் விட்டுவிட்டால் "அவந்திகா ஆயிட்டியா" என்று கேட்பது ஊர் வழக்கமாகவே ஆகிவிட்டது. அதிகமாக இழுத்துவந்தது யார் என்று கேட்டால் ஹரிதான். அவன் டிரைவராக இருக்கிற போட்டுக்கு நல்ல எஞ்சின்.

"நாளைக்கு பள்ளிக்கூடம் போவா. கூடப் படிக்கிறதெல்லாம் இந்த ஊருப் புள்ளைங்கதானே. கயித்த கட்டி இழுத்தே கொன்னுடுவானுங்க அவள. நீதானே காதுல பேரு கூப்பிடப் போற. நீ சொன்னா கேப்பா."

அது அத்தையின் உரிமை. தொட்டில் போடும் அன்றைக்குப் பிள்ளையின் காதில் மூன்று தடவை பேரைக் கூப்பிட வேண்டியவள் அத்தைதான். சந்திரலேகா அதைச் சாதாரணமாக எடுத்துக்கொள்கிறவள் இல்லை. காதில் போன பேரைத் திரும்ப வெளியே எடுக்க முடியாது என்று நம்புகிறவள்.

புட்டைத் தாளித்து எடுத்துக்கொண்டு உள்ளே போனபோது சிவப்ரியா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். பிள்ளை பக்கத்தில், கைமுட்டியை வாயில் வைத்துக்கொண்டு. குறைமாதத்தில் பிறந்தது. இப்போதுதான் கன்னம் வைக்க ஆரம்பித்திருக்கிறது.

"எழுந்து சாப்புடு. சூடா இருக்கும்போதே சாப்புடணும்."

"அண்ணி, போட்டு விஷயம் உங்களுக்கும் தெரியுமா? இப்பத்தான் சொல்றாரு. ஒரு போட்டுக்காக எம் பொண்ணு பேர மாத்தணுமா?"

சந்திரலேகா தட்டை நகர்த்தினாள். சிவப்ரியா இரண்டு வாய் சாப்பிட்டுவிட்டு அவளாகவே சொல்ல ஆரம்பித்தாள். பிள்ளையைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருந்த நாட்களில் அதற்குப் பேர் கிடையாது. கையில் கட்டியிருந்த சீட்டில் தாய் பேர் மட்டும்தான். நர்ஸ்கள் "சிவப்ரியா பேபி" என்பார்கள். தொடவும் விடமாட்டார்கள். கண்ணாடிக்கு இந்தப்பக்கம் நின்று எதையாவது சொல்லிக் கூப்பிடவேண்டும் போலிருந்தது. போனில் தேடியபோது முதலில் கண்ணில் பட்டு மனதுக்குப் பிடித்தது இந்தப் பேர். அன்றிலிருந்து அதைத்தான் கூப்பிட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். யாருக்கும் தெரியாமல்.

"இப்பவே கூப்பிட்டா திரும்புது அண்ணி. வேணும்னா பாருங்க."

கூப்பிட்டாள். பிள்ளை திரும்பவில்லை. கொட்டாவி விட்டது. இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பிறகு சிவப்ரியாவின் கண் கலங்கியது.

அர்த்தம் பார்த்தாயா என்று சந்திரலேகா கேட்டாள். பார்த்ததில்தான் குழப்பமே. ஒரு தளத்தில் இளவரசி என்று போட்டிருக்கிறது. இன்னொன்றில் எல்லையில்லாதவள். மூன்றாவதில் பூமி. ஒன்று சமஸ்கிருதம் என்கிறது, ஒன்று கிரேக்கம் என்கிறது. எதை நம்புவது என்று அவளுக்கும் தெரியவில்லை.

"நீங்களே விசாரிச்சுட்டு வாங்க அண்ணி. நெசமாவே அர்த்தம் தப்பா இருந்தா நானே மாத்திக்கிறேன். ஊரு சிரிக்குதுன்னு மாத்த மாட்டேன். அப்படித்தான் மாத்தணும்னா புள்ளையத் தூக்கிக்கிட்டு அம்மா வீட்டுக்குப் போயிடுறேன். பேரும் புள்ளையும் அங்கயே வளரட்டும்."

மிரட்டலாகச் சொல்லவில்லை. சாதாரணமாகச் சொன்னாள். அதுதான் சந்திரலேகாவுக்குப் பயமாக இருந்தது. மூலையில் இருந்த பையில் பிள்ளையின் துணியெல்லாம் ஏற்கனவே மடித்து வைத்திருந்தது.

மறுநாள் கூடையில் கருவாடும் கொஞ்சம் நண்டும் எடுத்துக்கொண்டு ஷேர் ஆட்டோவில் காரைக்காலுக்குப் போனாள். பள்ளிவாசல் தெருவில் பஹீமா டீச்சர் வீடு வழக்கமான வாடிக்கை. தமிழ் டீச்சர். கோடை விடுமுறை, வீட்டில்தான் இருந்தார்.

"என்ன லேகா, மொகம் ஏன் இப்படி வாடிக் கெடக்கு? உள்ள வந்து ஒக்காரு. வெயிலப் பாரு."

நன்னாரி சர்பத் வந்தது. குடித்துக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். டீச்சர் சிரிக்காமல் கேட்டார். போட்டு வந்த இடத்தில் மட்டும் கையால் வாயைப் பொத்திக்கொண்டார். பிறகு உள்ளே போய்த் தடிமனான ஒரு அகராதியையும் இன்னும் ஏதோ புத்தகத்தையும் எடுத்துவந்து, மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு தேடினார்.

"இந்தா. அவந்தின்னு வடக்க ஒரு பழைய நாடு. அதோட தலைநகரம் உஜ்ஜயினி. அந்த ஊருக்கே அவந்திகான்னு ஒரு பேரு உண்டு. அதான் மூலம். இளவரசி, பூமி, எல்லையில்லாதவ, இதெல்லாம் எங்கேர்ந்து எடுத்தாங்கன்னு எனக்குத் தெரியல. கிரேக்கம்கிறதுக்கு ஆதாரமே இல்ல."

"அப்ப ஊரு பேரா டீச்சர்?"

"ஊரு பேருதான். அதுல என்ன தப்பு? மதுரைன்னு பேரு வெச்சவங்க இல்லையா?"

"கெட்ட அர்த்தம் ஒண்ணும் இல்லையே?"

"ஒண்ணும் இல்ல. அர்த்தத்த ரொம்ப நம்பாத லேகா. பஹீமான்னா அறிவாளின்னு அர்த்தம். எங்க வீட்டு ஆளுகிட்ட கேட்டுப் பாரு, ஒத்துக்கவே மாட்டாக."

உள்ளேயிருந்து யாரோ இருமினார்கள். டீச்சர் நண்டை வாங்கிக்கொண்டு அனுப்பிவைத்தார்.

ஒரு பாதி தீர்ந்தது. புத்தகத்தின்படி பேரில் குற்றமில்லை. ஆனால் கிளிஞ்சல்மேட்டில் உஜ்ஜயினியைப் பார்த்தவர் யார் இருக்கிறார்கள்? இங்கே அந்தப் பேருக்கு வேறு அர்த்தம், அதை எந்தப் புத்தகத்தில் போய்ச் சரிபார்ப்பது. வரும் வழியில் ஆட்டோவில் உட்கார்ந்து வேறு பேர்களை யோசித்துப் பார்த்தாள். சஹானா என்றால் மணல்திட்டில் ஏறி உட்கார்ந்த போட்டு. தர்ஷினி என்றால் அண்ணன் தம்பி பாகம் பிரிக்கச் சண்டை போட்டு, இரண்டு வருஷம் ஓடாமல் கிடந்த போட்டு. யாழினி ஃபைபர், ஆட்டம் தாங்காது. பெண் பிள்ளைக்கு வைக்கிற மாதிரி எந்தப் பேரை எடுத்தாலும் அதை ஏற்கனவே யாராவது ஒரு போட்டின் மூக்கில் எழுதியிருந்தார்கள். பிள்ளை பேரைப் போட்டுக்கு வைத்து வைத்து, ஊரில் சும்மா கிடக்கிற பேரே இல்லை.

சாயங்காலம் துறைமுகத்துப் பக்கம் நடந்தாள். தடைக்காலத்தில் அரசலாற்றுக் கரை ஒரு பெரிய பட்டறை மாதிரி இருக்கும். போட்டுகளையெல்லாம் மேலே ஏற்றி, அடியில் ஒட்டிய சிப்பியைச் சுரண்டுவார்கள். தார் வாசனை, பெயின்ட் வாசனை, எங்கேயோ வெல்டிங் வெளிச்சம். அவந்திகா கடைசியில் நின்றது. பஞ்சநாதன் ஏணியில் ஏறி உப்புத்தாளால் முன்பக்கத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தார். ஐம்பத்தைந்து வயதுக்கு ஒல்லியான உடம்பு. பழைய எழுத்தில் பாதி ஏற்கனவே போயிருந்தது.

"என்ன மாமா, பேர அழிக்கிறீங்க?"

அவர் திரும்பிப் பார்த்தார். "நீயும் சிரிக்கத்தான் வந்தியா புள்ள?"

"இல்ல மாமா. ஒரு விஷயம் கேக்க வந்தேன்."

"எனக்கும் போன் இருக்கு. எல்லாத்தையும் பாத்தேன்." இறங்கிவந்து கையைத் துடைத்துக்கொண்டார். "போட்ட சொல்லு, என்னயச் சொல்லு, கேட்டுக்கறேன். பச்சப் புள்ளையச் சொல்றானுங்க. அதான் வேற பேரு எழுதிடலாம்னு. இந்தத் தடவ கடலுக்குப் போவும்போது வேற பேரோட போவும். கொஞ்ச நாள்ல மறந்துடுவானுங்க. புள்ள பேரு புள்ளைக்கே இருக்கட்டும்."

போட்டின் பேரை மாற்றுவது சும்மா பெயின்ட் வேலை இல்லை. லைசென்ஸில் மாற்றவேண்டும், அலையவேண்டும். அதைவிட, இத்தனை வருஷம் வாக்கியில் கூப்பிட்ட பேர். ஆபத்தில் வாயில் வேறு பேர் வராது.

இந்தப் பேர் எப்படி வந்தது என்று கேட்டாள்.

"யாருக்குத் தெரியும்? நாகப்பட்டினத்துல வாங்கும்போதே எழுதியிருந்துச்சு. மாத்தணும்னு நெனைக்கிறப்பல்லாம் ஏதாவது ரிப்பேரு வந்துடும்."

சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பிறகு போட்டின் பக்கவாட்டில் மாட்டைத் தட்டுவதுபோல இரண்டு தட்டுத் தட்டினார்.

"நின்னுடும். நான் இல்லேங்கல. ஆனா நின்ன எடத்துல நிக்கும் புள்ள. முழுகாது. அடிச்ச காத்துல ஒரு தடவ கோடியக்கரைப் பக்கம் இழுத்துட்டுப் போயிடுச்சு. அப்பவும் ஒரு ஆளுக்குக் கீறல் இல்ல. அதான் எம் போட்டுல ஆளு மாறுறதில்ல. இத்தன கேலி பண்றானுங்களே, எங்கிட்ட வேல பாக்குற எவனாவது வேற போட்டுக்குப் போயிருக்கானா, கேட்டுப் பாரு."

சந்திரலேகா பாதி அழிந்திருந்த எழுத்தை அண்ணாந்து பார்த்தாள். ஆற்றில் தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது. பிறகு, அழிக்க வேண்டாம், நாளைக்குச் சொல்கிறேன் என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தாள்.

வீட்டில் விளக்கு வைத்திருந்தார்கள். ஹரி வெளியே பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். சிவப்ரியா நிலைப்படியில் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டிருந்தாள். இருவருக்கும் இடையில் பேச்சில்லை. டீச்சர் சொன்னதை முதலில் சொன்னாள். ஊர் பேர் என்றதும் சிவப்ரியாவின் முகம் கொஞ்சம் சுருங்கியது. எல்லையில்லாதவள் என்பது அவளுக்குப் பிடித்திருந்தது போல.

"அது வடக்க உள்ள அர்த்தம்க்கா," என்றான் ஹரி. "இங்க உள்ள அர்த்தம் என்னன்னு உனக்குத் தெரியாதா?"

"தெரியும். அதத்தான் விசாரிச்சுட்டு வந்தேன்." சந்திரலேகா படியில் உட்கார்ந்தாள். "ஹரி, உங்க மாமா போன போட்டு பேரு என்ன?"

அவன் நிமிர்ந்து பார்த்தான். சொல்லவில்லை. அந்தப் போட்டின் பேரைக் கிளிஞ்சல்மேட்டில் யாரும் வாயில் எடுப்பதில்லை. அதில் கடலுக்குப் போன சந்திரலேகாவின் வீட்டுக்காரரும் கூடப் போனவர்களும் திரும்பி வரவில்லை. கட்டை ஒன்றுகூட ஒதுங்கவில்லை.

"நல்ல பேருதான். அர்த்தமும் நல்ல அர்த்தம்தான், இப்ப போன்ல பாத்தாலும் வரும். எஞ்சினும் புதுசு. அது நடுக்கடல்ல நின்னதே கெடையாது. அத யாரும் கயிறு போட்டு இழுத்ததும் கெடையாது."

"அக்கா, அத ஏன் இப்ப."

"இரு. நீ அவந்திகாவ இழுத்துட்டு வரும்போது எல்லாரும் கைதட்டிச் சிரிப்பீங்க. நானும் அங்கதான் கூடையோட நிப்பேன். நான் தலைய எண்ணுவேன்டா. ஒவ்வொரு தடவையும் எல்லாத் தலையும் இருக்கும். பொண்டாட்டிங்க திட்டிக்கிட்டே கூட்டிக்கிட்டுப் போவாளுங்க. நானும் அப்படி ஒரு நாளு திட்டிக்கிட்டுக் கூட்டியாந்திருக்கலாமேன்னு நெனச்சுக்குவேன்."

ஹரி தலையைக் குனிந்துகொண்டான்.

"இந்த ஊருல அந்தப் பேருக்கு அர்த்தம் நின்னுபோறவ இல்ல. லேட்டானாலும் வீடு வந்து சேர்றவ. உங்க எல்லாரையும்விட அது எனக்கு நல்லாத் தெரியும். என் மருமவ காதுல நான் அதத்தான் கூப்பிடுவேன். அவ படிக்கப் போவா, வேலைக்குப் போவா, எங்கயாச்சும் நிப்பா. நிக்கட்டும். வந்து சேரட்டும்."

சிவப்ரியா பிள்ளையைத் தூக்கிக்கொண்டுவந்து அவள் மடியில் போட்டாள். கொஞ்சம் கழித்து ஹரிதான், சாப்பாடு ஆயிற்றா என்று யாரையும் பார்க்காமல் கேட்டான். கருவாட்டுக் குழம்பும் கத்திரிக்காயும். மூன்று பேரும் சேர்ந்து சாப்பிட்டார்கள்.

அடுத்த நாளிலிருந்து ஹரி ஸ்பானர் பையைத் தூக்கிக்கொண்டு பஞ்சநாதனின் போட்டுக்குப் போக ஆரம்பித்தான். எஞ்சினைப் பிரித்துப் போட்டான். உடம்பெல்லாம் கிரீஸோடு மத்தியானம் வருவான். "சரி பண்ணிட்டீங்கன்னா அப்புறம் பேருக்கு அர்த்தம் மாறிடுமே" என்று சிவப்ரியா கேட்டதற்கு, "அந்த எஞ்சினா? அது அவ்வளவு சீக்கிரம் மாறாது" என்றான். அழித்த எழுத்தைப் பெயின்டர் வந்து நீலத்தில் புதிதாக எழுதினார். மடித்து வைத்த துணி பையிலிருந்து திரும்பக் கொடிக்கு வந்தது.

தொட்டில் போட்ட அன்றைக்கு வீடு நிறைய ஆள். கோவில்பத்திலிருந்து சிவப்ரியாவின் அப்பா அம்மா வந்திருந்தார்கள். பஹீமா டீச்சர் பிள்ளைக்குச் சட்டை வாங்கிவந்தார். பஞ்சநாதன் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, வரலாமா வேண்டாமா என்பதுபோல வாசலோரமாகவே நின்றிருந்தவரை ஹரி கையைப் பிடித்து உள்ளே கூட்டிவந்தான். சந்திரலேகா குனிந்து, பிள்ளையின் காதை உள்ளங்கையால் மறைத்து மூன்று தடவை கூப்பிட்டாள். பிள்ளை அழவில்லை.

பின்னாலிருந்து ஒருத்தன் சும்மா இருக்கமாட்டாமல், "ஹரி, கயிறு கொண்டாரவா?" என்றான். ஒரு நிமிஷம் எல்லோரும் ஹரியின் முகத்தைப் பார்த்தார்கள்.

"கொண்டா," என்றான் ஹரி. "எங்க நின்னாலும் நானே இழுத்துட்டு வருவேன். எம் பொண்ணுதானே."

சிரித்தார்கள். அது வேறு மாதிரிச் சிரிப்பு. பஞ்சநாதன் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கேசரி நன்றாக இருக்கிறது என்றார். அவருக்கு இன்னும் யாரும் கேசரி கொடுக்கவே இல்லை.

அதற்குப் பிறகு சிவப்ரியா ஒரு காரியம் செய்தாள். அந்தத் தளங்களில் ஒன்றில், பொருள் தவறாக இருந்தால் தெரிவிக்கவும் என்று கீழே ஒரு கட்டம் இருக்கிறது. அதில் டீச்சர் சொன்ன அவந்தி நாட்டை எழுதினாள். அதோடு, காரைக்கால் கிளிஞ்சல்மேட்டில் இதற்குக் கரை வந்து சேருகிறவள் என்று பொருள் என்றும் எழுதி அனுப்பினாள். பதில் வரவில்லை. இன்றுவரை அங்கே இளவரசி என்றுதான் இருக்கிறது. தடைக்காலம் முடிந்து கடல் திறந்தாகிவிட்டது. அவந்திகா போய்க்கொண்டும், நின்றுகொண்டும், வந்துகொண்டும் இருக்கிறது. ஆனாலும் பிள்ளை தூங்கும்போது சிவப்ரியா எப்போதாவது, "சரியாத்தான் வெச்சிருக்கோமா அண்ணி?" என்று கேட்கிறாள். ஒரு ஊரில் ஒரு போட்டை மட்டும் வைத்துச் சரிபார்த்தது போதுமா என்று சந்திரலேகாவுக்கும் கொஞ்சம் சந்தேகம் உண்டு.

அதனால் சந்திரலேகாவின் வாயால் கேட்டு இதை எழுதிய நான், படிக்கிறவர்களிடம் கேட்கிறேன். உங்கள் வீட்டிலோ தெருவிலோ அவந்திகா என்று யாராவது இருக்கிறார்களா? எதை நினைத்து அந்தப் பேர் வைத்தீர்கள், உங்கள் ஊர்க்காரர்கள் அந்தப் பேரைச் சொன்னால் என்ன நினைத்துக்கொள்வார்கள்? கேலியாக இருந்தாலும் பரவாயில்லை, இருப்பதை அப்படியே கீழே எழுதுங்கள். சந்திரலேகாவுக்கு நான் படித்துக் காட்டவேண்டும்.